ஜட்ஜ் நாற்காலியின் வலது கை

சந்தேகப்படுவதற்குத்தான் ஜெபாவுக்குச் சம்பளம். கும்மிடிப்பூண்டி தொழிற்பேட்டையில் தண்ணீர் பாட்டில் மூடி செய்யும் கம்பெனி ஒன்றில், வெள்ளை விளக்கின் கீழே ஓடும் பெல்ட் முன்னால் உட்கார்ந்து, நீல மூடிகளில் எது கோணல், எது விரிசல் என்று பார்த்துப் பொறுக்கிப் போட வேண்டும். ஷிப்ட் முழுக்க அப்படிப் பார்த்துவிட்டு வெளியே வந்தால் எல்லாமே கொஞ்சம் கோணலாகத்தான் தெரியும். சாயங்கால நிலாகூட யாரோ சரிபார்க்காமல் அனுப்பிவிட்டதுபோல இருக்கும்.

ஆனால் அண்ணன் எட்வர்டை அவள் அந்த வெளிச்சத்தில் வைத்துப் பார்க்க நேரும் என்று நினைத்ததில்லை.

வியாழக்கிழமை அவர்கள் இருக்கும் ஜட்ஜ் தோப்பின் பொது போர்வெல் மோட்டார் காணாமல் போனது. பெயரில்தான் தோப்பு. மரங்கள் போய் வீடுகள் வந்து பல காலம் ஆகிவிட்டது. வெள்ளிக்கிழமை காலை குழாயில் காற்று மட்டும் வந்தது. பம்பு அறைப் பூட்டு உடைந்திருந்தது. மோட்டாருக்குள் இருக்கும் செம்புக் கம்பிக்காகத் திருடியிருப்பார்கள் என்று எல்லாருக்கும் தெரியும். யார் என்பதுதான் கேள்வி. அதற்கு மத்தியானத்துக்குள் மதன் ஒரு பதில் வைத்திருந்தான்.

மதன் அதே தோப்புக்காரன். வார்ப்படத் தொழிற்சாலைக்கு ஆள் அனுப்பும் காண்டிராக்டரிடம் சூப்பர்வைசர். தோப்பின் ஆண்களில் பாதிப் பேர் அவன் கைகாட்டினால்தான் கம்பெனி வேனில் ஏற முடியும். எட்வர்டும் அவர்களில் ஒருவன். வார்த்தெடுத்த இரும்பின் பிசிறுகளைக் கிரைண்டரால் தேய்த்து எடுப்பது அவன் வேலை.

"வியாழக்கிழமை லீவு போட்டான். எங்கடா போனன்னா வாயத் தொறக்க மாட்டேன்றான். இருட்டினப்புறம் பம்பு ரூம் பக்கமாத் தனியா வந்துகினு இருந்தான். என் கண்ணால பார்த்தேன்" என்றான் மதன்.

தோப்பின் தலைவர் ஆசீர்வாதம் அதிகம் யோசிக்கவில்லை. "ஞாயித்துக்கிழமை ஆராதனை முடிஞ்சதும் நாற்காலியில கை வெக்கட்டும்" என்றார்.

அந்த நாற்காலியைப் பற்றிச் சொல்ல வேண்டும். அது வேதக் கோயிலை ஒட்டிய சமுதாயக் கூடத்தில், சுவரோரம், பிளாஸ்டிக் நாற்காலிகளின் அடுக்குக்கு நடுவே நின்றது. கருத்த தேக்கு. உயர்ந்த முதுகு. நூற்று முப்பது நாற்பது வருஷங்களுக்கு முன்னால் ஜட்ஜ் மாசிலாமணி என்பவர் அதில் உட்கார்ந்து தீர்ப்பு எழுதினாராம். சுற்றியிருந்த நிலமெல்லாம் அவருடையது. தோப்புக்காரர்களின் முன்னோர்கள் அந்த நிலத்தில் கூலிகள். ஜட்ஜின் பங்களா இடிந்து, நிலம் கைமாறி, அதன் மேல் தொழிற்சாலைகள் எழும்பின பிறகு, கூலிகளின் பிள்ளைகளிடம் மிஞ்சியது இந்த நாற்காலி ஒன்றுதான். ஜட்ஜ் ஐயா யார் முகத்தையும் பார்க்க மாட்டார், கையைத்தான் பார்ப்பார் என்று சொல்வார்கள். முகம் நடிக்கும், கை நடிக்காது.

அதிலிருந்து வந்ததுதான் இந்த வழக்கம். சந்தேகத்துக்கு ஆளானவர் நாற்காலியின் வலது கைப்பிடியில் உள்ளங்கையைப் பதித்து வைப்பார். புறங்கையின் மேல் ஒரு பித்தளைக் கிண்ணியை வைத்து விளிம்பு வரைக்கும் தண்ணீர் ஊற்றுவார்கள். தலைவர் பரமண்டல ஜெபத்தை நிதானமாகச் சொல்லி முடிப்பார். ஆமென் வரைக்கும் தண்ணீர் சிந்தாவிட்டால் பேச்சு அதோடு முடிந்தது. சிந்தினால் அந்த ஆளோடு யாரும் நல்லது கெட்டது வைத்துக்கொள்ள மாட்டார்கள். தோப்பில் இருக்கும் இந்துக் குடும்பங்களும் இதற்குக் கட்டுப்பட்டார்கள். போலீஸ் ஸ்டேஷனைவிட இது மேல் என்று எல்லாரும் நினைத்தார்கள்.

வெள்ளிக்கிழமை சாயங்காலம் ஜெபா அண்ணனைக் கொல்லைப்புறத்துக்குக் கூட்டிப் போனாள்.

"எங்க போயிருந்த?"

"உனக்கும் சந்தேகமா?"

"கேட்டதுக்குப் பதில் சொல்லுணா."

எட்வர்ட் சுற்றும் பார்த்துவிட்டு இரண்டு கைகளையும் அவள் முன்னால் நீட்டினான். அவை ஆடின. பெரிதாக இல்லை. ரயில் தூரத்தில் வரும்போது ஜன்னல் கண்ணாடி அதிருமே, அப்படி.

"நிக்க மாட்டேங்குது ஜெபா. மிஷினை ஆப் பண்ணாலும் கை ஓடிகினே கீது. இங்க ஆஸ்பத்திரிக்குப் போனா யாராவது பார்த்துடுவான்னுதான் பஸ்ஸு மாறி மாறித் திருவள்ளூரு போனேன். அங்க ஒரு டாக்டரு. மாத்திரை குடுத்தாரு. கிரைண்டர் வேலைய வுட்டுடுன்றாரு."

"அத ஆசீர்வாதம் பெரியப்பாகிட்டச் சொல்லிடேன்."

"சொன்னா மதன் காதுக்குப் போவும். போன வருசம் எங்கூட கிரைண்டர் புடிச்ச மணவாளனை இன்னா பண்ணான்? கை ஆடுதுன்னு தெரிஞ்ச மறுநாளே வேன்ல ஏத்தல. வேற எந்த கேட்லயும் அவனை உள்ள வுடல. இப்ப செவ்வாப்பேட்டை ஸ்டேஷன்ல கடலை வித்துகினு கீறான்." அவன் கைகளை மடித்து அக்குளில் வைத்துக்கொண்டான். "சொன்னா வேலை போவும். சொல்லாட்டி திருடன். நீயே சொல்லு, எது பரவால்ல?"

 அவன் குளிக்கப் போனதும், ஜெபா அவனது கட்டிலுக்கு அடியில் குனிந்து பார்த்தாள். மாத்திரை அட்டை இருந்தது. அதற்குப் பின்னால் வேறு ஏதாவது, செம்புக் கம்பி மாதிரி ஏதாவது, மின்னுகிறதா என்றும் பார்த்தாள். ஒன்றும் மின்னவில்லை. எழுந்து நின்றபோது கண்ணாடியில் தெரிந்த தன் முகம் அவளுக்குப் பிடிக்கவில்லை.

சனிக்கிழமை தோப்புக்கு ஒரு அந்நியன் வந்தான். பார்த்திபன் என்று பெயர். கல்லூரியில் சரித்திரம் நடத்துகிறவனாம். ஜட்ஜ் மாசிலாமணியின் வாழ்க்கையைப் புத்தகமாக எழுதுகிறானாம். நாற்காலியைப் பார்க்க வேண்டும் என்றான்.

ஆசீர்வாதம் அவனை உட்காரவைத்து டீ வாங்கிக் கொடுத்துவிட்டு ஜெபாவைத் தனியே அழைத்தார். "பழைய மரச்சாமான் வாங்குற கும்பலா இருப்பான். இன்னிக்குப் பார்ப்பான், நாளைக்கு டெம்போவோட வருவான். மோட்டார் போனதும் இவன் வந்ததும் ஒரே வாரம், பார்த்தியா? உனக்குத்தான் கண்ணு கூர்மை. கூடவே இரு."

ஜெபா கூடவே இருந்தாள். பார்த்திபன் நாற்காலியை முன்னாலும் பின்னாலும் பார்த்தான். அளக்கவில்லை. விலை கேட்கவில்லை. அதுவே அவளுக்கு இன்னும் சந்தேகமாக இருந்தது. பிறகு அவன் தரையில் மல்லாந்து படுத்து, தலையை நாற்காலிக்கு அடியில் விட்டு, போன் வெளிச்சத்தை வலது கைப்பிடியின் அடிப்பக்கம் அடித்தான்.

"அடியில இன்னா சார் தேடுறீங்க?"

"இந்த ஓட்டைங்க எதுக்கும்மா?"

"குத்தவாளி கையக் கட்டுறதுக்கு. தோப்புல எல்லாருக்கும் தெரியும்."

அவன் அடியிலிருந்தே கேட்டான். "ஜட்ஜ் உக்கார்ற நாற்காலியில குத்தவாளி கையை ஏம்மா கட்டணும்? அவன் கூண்டுலதானே நிப்பான்?"

ஜெபா பிறந்ததிலிருந்து பார்க்கிற நாற்காலி. உலகத்தில் எல்லாவற்றையும் சந்தேகப்படும் அவளுக்கு இது ஒரு நாளும் தோன்றவில்லை.

அவளும் குனிந்து பார்த்தாள். இரண்டு துளைகள். ஒன்றில் காய்ந்து கல்லாகிப்போன தோல் வாரின் துண்டு ஒட்டிக்கொண்டிருந்தது. கைப்பிடியின் நுனியில், அடிப்பக்கம், நான்கு விரல்கள் பல வருஷம் இறுக்கிப் பிடித்ததுபோல நான்கு வழவழப்பான பள்ளங்கள்.

பார்த்திபன் எழுந்து சட்டையைத் தட்டிக்கொண்டு சொன்னான். மாசிலாமணி செங்கல்பட்டில் வக்கீலாகத் தொடங்கினவர். கட்சிக்காரனிடம் பேசுவதைவிட அதிகமாக எதிர்த் தரப்பின் சாட்சியிடம் பேசுவார் என்று பெயர் எடுத்தவர். பிறகு சென்னையில் சட்டசபை அங்கத்தினர் ஆனார். ஏரிகளைச் செப்பனிடச் சொல்லி அங்கே வெள்ளைக்காரர்களைத் தூங்கவிடாமல் பேசினார். கடைசியில் ஜில்லா ஜட்ஜ். ஒரு ஜமீன் வழக்கில் தீர்ப்பில் கையெழுத்துப் போடும்போது, கோர்ட்டு முழுக்கப் பார்த்துக்கொண்டிருக்க, அவர் கை நடுங்கி மைக்கூடு கவிழ்ந்தது. ஜமீனிடம் லஞ்சம் வாங்கிவிட்டார், அதுதான் கை நடுங்குகிறது என்று ஊரே பேசியது. அந்த வருஷமே பதவியை விட்டுவிட்டு இங்கே வந்து, செத்துப்போகிற வரைக்கும் யாரையும் பார்க்காமல் பங்களாவுக்குள்ளேயே இருந்தார்.

"அவர் வாங்கினார்னு நம்பித்தான் பாதிப் புத்தகம் எழுதிட்டேன்" என்றான் பார்த்திபன். "இப்ப இந்தத் துளைகளைப் பார்த்தா வேற மாதிரி தோணுது. நடுங்குற கையை யாரும் பார்க்காம இருக்க, அங்கிக்கு அடியில, அவரே கட்டிக்கிட்டு உக்கார்ந்தாரோ என்னவோ. ஒரு வேளை ரொம்ப நாளாவே அவருக்கு வியாதி."

"நிச்சயமா?"

"இல்லம்மா. சந்தேகம்தான்."

அவன் பொய் சொல்கிறானோ என்றும் அவள் நினைத்தாள். கதை சேர்ந்தால் பழைய சாமானுக்கு விலை கூடும். ஆனாலும் அவன் போன பிறகு கூடத்தில் தனியாக நின்றபோது, அந்த நாற்காலியில் ஒருவர் உட்கார்ந்திருப்பதுபோல அவளுக்குத் தோன்றியது. கறுப்பு அங்கி. தலைப்பாகை. முகம் இல்லை. அங்கிக்கு அடியில், வாரில் கட்டிய ஒரு கை, வலைக்குள் மாட்டிய இறால்போலத் துடித்துக்கொண்டே இருந்தது. கை நடிக்காது என்று இத்தனை வருஷம் சொல்லிவந்த நாற்காலியில், அத்தனை வருஷமும் ஒரு கை நடித்துக்கொண்டிருந்ததா?

ஞாயிறு காலை கோயிலுக்குப் போகும் வழியில் சின்னப்பொண்ணு அக்காவின் டீக்கடையில் நின்றாள். வார்ப்படக் கம்பெனி ஆட்கள் பெஞ்சில் உட்கார்ந்திருந்தார்கள். சின்னப்பொண்ணு கேட்காமலேயே ஒவ்வொருவருக்கும் பாதி கிளாஸ் ஊற்றி நீட்டினாள். பக்கத்தில் நின்ற பெயிண்டருக்கு முழு கிளாஸ். கஞ்சப் பிசினாறி என்று அவளை எல்லாரும் கேலி செய்வார்கள். ஜெபாவும் செய்திருக்கிறாள்.

இன்று அவள் கிளாஸ்களைப் பார்க்கவில்லை, அவற்றைப் பிடித்த கைகளைப் பார்த்தாள். எபினேசர் மாமா இரண்டு கையாலும் பிடித்திருந்தார். இன்னொருவர் கிளாஸைத் தொடையில் ஊன்றி, தலையைக் குனிந்து உறிஞ்சினார். வேறொருவர் ஆறட்டும் என்று பெஞ்சிலேயே வைத்துவிட்டு, யாரும் பார்க்காதபோது எடுத்தார். ஒருவரும் அடுத்தவர் கையைப் பார்க்கவில்லை.

"இன்னாடி, கிளாஸுல விரிசல் தேடிகினு நிக்கிறியா?" என்றாள் சின்னப்பொண்ணு.

"இல்லக்கா" என்றாள் ஜெபா. "அக்கா, உனக்கு எல்லாம் தெரியும்ல?"

சின்னப்பொண்ணு பாலை ஆற்றுவதை நிறுத்தவில்லை. "எனக்கு டீ போடத் தெரியும்" என்றாள்.

ஆராதனை முடிந்தது. கூடம் நிறைந்து, ஜன்னலிலும் தலைகள். பார்த்திபன் வந்து கதவோரம் நின்றான். அவன் பையைச் சிலர் முறைத்தார்கள். மதன் வெள்ளைச் சட்டையில், நாற்காலிக்கு நேர் எதிரே, கைகளைக் கட்டிக்கொண்டு நின்றான்.

எட்வர்ட் வந்து வலது கையை வைத்தான். ஆசீர்வாதம் கிண்ணியைப் புறங்கை மேல் வைத்துத் தண்ணீர் ஊற்றினார். லாரித் தண்ணீர். ஒரு குடத்துக்கு விடியற்காலையிலிருந்து வரிசை நின்ற பெண்கள் அதையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். ஜெபம் தொடங்கியது. எட்வர்ட் பல்லைக் கடித்தான். கழுத்து நரம்பு புடைத்தது. தண்ணீரின் மேல்பரப்பில் முதலில் சின்னச் சின்ன வட்டங்கள் வந்தன. ஜெபத்தில் அன்றன்றுள்ள ஆகாரத்தைக் கேட்கும் இடம் வருவதற்குள் விளிம்பு தாண்டி, கைப்பிடி வழியாக, சிமெண்ட் தரையில் சொட்டியது.

"பார்த்துக்கோங்க" என்றான் மதன். "நான் சொன்னா பொல்லாப்பு. இப்ப ஜட்ஜே சொல்லிட்டாரு."

எட்வர்ட் கையை எடுக்கவில்லை. தலையும் நிமிரவில்லை. அவன் சொல்லப் போவதில்லை என்று ஜெபாவுக்குத் தெரிந்தது. தான் சொன்னால் அவன் மன்னிக்க மாட்டான் என்பதும் தெரிந்தது. ஆனால் கேட்கலாம்.

"பெரியப்பா" என்றாள். குரல் அவளுடையதுபோலவே இல்லை. "கிண்ணிய இன்னொரு தரம் ரொப்புங்க. எபினேசர் மாமா கை வெக்கட்டும்."

"அவர் எதுக்கும்மா? அவரை யாரு இன்னா சொன்னா?"

"சும்மா வெக்கட்டும். திருடாதவரு கைதான? சிந்தாது இல்ல?"

கூடம் எபினேசர் பக்கம் திரும்பியது. அவர் மதனைப் பார்த்தார். மதனும் அவரைப் பார்த்தான். அந்தப் பார்வையில் கம்பெனி வேனின் கதவு இருந்தது. எபினேசருக்கு இரண்டு பெண்பிள்ளைகள். அவர் ஒரு அடி பின்னால் நகர்ந்தார்.

 அவர் போகட்டும் என்றே ஜெபா ஒரு நிமிஷம் நினைத்தாள். இவள் யார் அவரைக் கூப்பிட?

அப்போது பின்னாலிருந்து சின்னப்பொண்ணு கத்தினாள். "எங்கடா என் பாதி கிளாஸு பார்ட்டிங்க எல்லாம்? கஞ்சப் பிசினாறின்னு என்னைச் சொல்லிகினு இளிச்சீங்களே. கூட வேலை செய்றவன் தனியா நிக்கிறான். கண்ணு அவிஞ்சா போச்சு?"

யாரோ சிரித்து, பாதியில் நிறுத்தினார்கள்.

எபினேசர் வந்தார். கையை வைத்தார். கிண்ணி நிரம்பியது. ஆசீர்வாதம் ஜெபத்தின் முதல் வரியை முடிக்கும் முன்பே தண்ணீர் சொட்டியது. எபினேசர் யாரையும் பார்க்காமல், "அஞ்சு வருசமா" என்றார். அவ்வளவுதான் சொன்னார்.

அடுத்து இன்னொருவர் வந்தார். பிறகு இன்னொருவர். யாரும் கூப்பிடவில்லை. கம்பெனி ஆட்கள், கோயிலில் திருவிருந்து அப்பம் வாங்க வருவதுபோல வரிசையாக வந்து, கையைப் பதித்து, சிந்திவிட்டு, ஓரமாகப் போய் நின்றார்கள். அவர்களின் மனைவிமார் சிலர் அப்போதுதான் முதல் முறையாக அந்தக் கைகளைப் பார்த்தார்கள். ஒருத்தி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். தரையில் தண்ணீர் ஓடி மதனின் செருப்பு வரைக்கும் போனது. ஆசீர்வாதம் ஜெபத்தை நிறுத்திவிட்டிருந்தார். குடத்தைப் பிடித்திருந்த அவர் கையும் லேசாக ஆடியது. அது வயது.

"அப்ப இத்தினி பேரும் சேர்ந்தா மோட்டாரைத் தூக்கினானுங்க?" என்றாள் சின்னப்பொண்ணு.

மதன் சிரிக்கப் பார்த்தான். "இது வேற. இது வேலையால வர்றது" என்று சொல்லிவிட்டு நாக்கைக் கடித்துக்கொண்டான். கம்பெனி அப்படி ஒன்று இருப்பதாக ஒத்துக்கொண்டதே இல்லை. பிறகு கோபத்தோடு முன்னால் வந்தான். "இன்னா இப்ப? நான் வெக்கிறேன் பாருங்க."

வைத்தான். கிண்ணியில் தண்ணீர் கண்ணாடிபோல நின்றது. ஆசீர்வாதம் ஆமென் வரைக்கும் சொன்னார். ஒரு சொட்டு சிந்தவில்லை. கூரை மின்விசிறி அதில் தெளிவாகச் சுற்றியது.

 முன்பெல்லாம் தண்ணீர் சிந்தாததற்கு அர்த்தம் வேறு. இப்போது எல்லாக் கண்களும் அந்தச் சிந்தாத கையையே பார்த்துக்கொண்டிருந்தன.

"இன்னா நைனா, உன் கைக்கு வேலையே இல்லியா?" என்றாள் சின்னப்பொண்ணு. பிறகு, மெதுவாக, "ஆமா, இருட்டினப்புறம் பம்பு ரூமாண்ட நீ இன்னா பண்ணிகினு இருந்த?"

"என் ஊட்டுக்கு அதான வழி!"

"எட்வர்டு ஊட்டுக்கும் அதான் வழி."

ஆசீர்வாதம் கிண்ணியை எடுத்துக் கவிழ்த்தார். "எட்வர்டு மேல பேச்சு இல்ல" என்றார். நாற்காலியை அவர் பார்த்த பார்வையில், இத்தனை வருஷம் கூட இருந்த ஒருவர் வேறு யாரோ என்று தெரிந்ததுபோல ஒரு கலக்கம் இருந்தது. இதற்கு முன்னால் எத்தனை பேர் கையில் கிண்ணி வைத்தோம் என்று அவர் நினைத்திருக்க வேண்டும். கதவோரம் நின்ற பார்த்திபன் பையை எடுத்துக்கொண்டு வெளியே போனான்.

வீட்டுக்கு நடக்கும்போது எட்வர்ட் சொன்னான். "நீ சொல்லல. ஆனா சொல்லிட்ட."

"கோவமா?"

"தெரில. நாளைக்கு வேன் வரட்டும்."

திங்கட்கிழமை வேன் வந்தது. ஜெபா தன் கம்பெனி பஸ்ஸுக்காக டீக்கடையில் நின்றாள். மதன் வழக்கம்போல வேன் கதவருகே இருந்தான். கிரைண்டர் ஆட்கள் பெஞ்சில் உட்கார்ந்திருந்தார்கள். யாரும் எழவில்லை. நேற்று யார் யார் வரிசையில் வந்தார்கள் என்று மதனுக்குத் தெரியும். அவர்களை விட்டால் இன்றைக்கு அந்த வேலைக்கு வேறு ஆள் இல்லை என்பதும் அவனுக்குத் தெரியும். இது இன்றைக்கு. அடுத்த மாதத்தைப் பற்றி யாருக்கும் தெரியாது.

சின்னப்பொண்ணு கிளாஸ்களை வரிசையாக வைத்து, எல்லாவற்றிலும் முழுக்க ஊற்றினாள். எட்வர்ட் ஒற்றைக் கையால் எடுத்தான். டீ சிந்தியது. மணிக்கட்டில் வழிந்தது. அவன் துடைக்கவில்லை. எபினேசரும் எடுத்தார். அவருடையதும் சிந்தியது. ஒருவரும் முகத்தைத் திருப்பிக்கொள்ளவில்லை.

"உனக்கும் ஒண்ணு நைனா" என்று சின்னப்பொண்ணு மதனிடம் ஒரு முழு கிளாஸை நீட்டினாள்.

அவன் வாங்கினான். பெஞ்சிலிருந்த எல்லாரும் அவன் கையைப் பார்த்தார்கள். குடத்தோடு போன பெண்கள் நடை தளர்த்திப் பார்த்தார்கள். வேன் டிரைவர் கூடக் கண்ணாடியை இறக்கிப் பார்த்தான். மதன் கிளாஸை உதட்டுக்குக் கொண்டுபோனான். பாதி வழியில் அது நடுங்கியது. வெள்ளைச் சட்டையின் பையில் ஒரு சொட்டு விழுந்து, மெதுவாக விரிந்தது.

ஜெபா பெல்ட்டில் வரும் மூடியைப் பார்ப்பதுபோல அந்தக் கையைப் பார்த்தாள். திருடின கையா? அல்லது இத்தனை கண்களுக்கு நடுவில் மாட்டிக்கொண்ட எந்தக் கையும் இப்படித்தான் ஆடுமா? மைக்கூடு கவிழ்ந்த அன்று கோர்ட்டு முழுக்க இருந்தவர்களும் இதே மாதிரிதான் பார்த்திருப்பார்கள். எடுத்துப் போடவும் முடியாமல், போகவிடவும் முடியாமல், அவள் பார்த்துக்கொண்டே நின்றாள்.

"ஏறுங்க, டைமாச்சு" என்றான் மதன், கிளாஸை முழுதாகக் குடிக்காமலே வைத்துவிட்டு.

ஒவ்வொருவராக ஏறினார்கள். அவன் யார் கையையும் பார்க்கவில்லை. அவர்கள் எல்லாரும் அவன் கையைப் பார்த்துக்கொண்டே ஏறினார்கள்.